செவ்வாய்க்கிழமை டாக்டரம்மா

எங்கள் தெரு டாக்டர் திருப்பதிக்குப் போனால், அவர் திரும்பி வரும்வரை தெருவில் யாருக்கும் உடம்பு சரியில்லாமல் போகக் கூடாது. விழுப்புரம் தனி மாவட்டமான வருஷம் அது. நான் பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டிருந்தேன். கிளினிக் கதவில் 'டாக்டர் வெளியூர்' என்று சாக்பீஸில் எழுதிய ஒரு சின்னப் பலகை தொங்கும். அது தொங்குகிற நாட்களில் இருமுகிறவர்கள்கூடக் கொஞ்சம் அடக்கித்தான் இருமுவார்கள். காய்ச்சல்காரர்கள் கஞ்சியைக் குடித்துவிட்டுப் போர்த்திக்கொண்டு படுத்துக் கிடப்பார்கள். அவருக்குப் பதிலாக இன்னொருவர் வந்து அந்த நாற்காலியில் உட்காரலாம் என்ற யோசனை ஒருத்தருக்கும் வந்ததில்லை. கோயில் குருக்கள் ஊருக்குப் போனாலாவது அவருடைய மச்சினன் வந்து மணியடிப்பார். டாக்டர் என்றால் அவர்தான், அவர் கைதான், அவருடைய கிறுக்கல்தான்.

நான் டாக்டராகி வெளியே வந்தபோது ஊரே மாறியிருந்தது. நெடுஞ்சாலையை அகலமாக்கிக்கொண்டிருந்தார்கள். விக்கிரவாண்டியிலிருந்து திண்டிவனம் வரைக்கும் ரோட்டோரத்தில் ஓட்டல்களுக்கு நடுநடுவே ஆஸ்பத்திரிகள் முளைத்தன. ஆஸ்பத்திரி கட்டுகிறவர்களுக்குக் கட்டிடம் கிடைத்தது, கட்டில் கிடைத்தது, டாக்டர்தான் கிடைக்கவில்லை. காலைக்கு ஒருவர், சாயங்காலத்துக்கு ஒருவர், ஞாயிற்றுக்கிழமைக்கு ஒருவர் என்று தேடினார்கள். எம்.பி.பி.எஸ். முடித்துவிட்டு, மேல்படிப்பு நுழைவுத் தேர்வுக்குப் படிக்கிறேன் என்று வீட்டில் கதை விட்டுக்கொண்டிருந்த என்னைப் போன்றவர்கள் கிடைத்தோம். லீவு போட்ட டாக்டருக்குப் பதிலாக உட்காருகிற எங்களை, எங்களுக்குள் நாங்கள் லோக்கம் என்று சொல்லிக்கொள்வோம். ஆஸ்பத்திரிக்காரர்கள் டூட்டி டாக்டர் என்பார்கள். சனங்கள் வைத்த பெயர் டெம்பரவரி டாக்டரம்மா.

எனக்கு அந்த வேலை ரொம்பப் பிடித்திருந்தது என்றால் யாரும் நம்புவதில்லை. என் அப்பா விழுப்புரம் ஜங்ஷனில் டிக்கெட் கொடுக்கிற ஜன்னலுக்குப் பின்னால், ஒரே நாற்காலியில் உட்கார்ந்து வேலைக்காலம் முழுவதையும் ஓட்டியவர். "டாக்டருக்குப் படிச்சிட்டு, அவங்க லீவு போட்டா இவ போறா, இவங்க லீவு போட்டாலும் இவதான் போறா. இதுக்குப் பேரு வேலையா?" என்று அம்மாவிடம் சொல்வார், எனக்கு நன்றாகக் கேட்கிற மாதிரி. எனக்கோ தினம் தினம் டூர் போகிற குஷி. ஒரு நாள் வானூர், ஒரு நாள் கோலியனூர், ஒரு நாள் திண்டிவனம். டிபன் பாக்ஸ், ஸ்டெதஸ்கோப், ஜன்னலோர சீட்டு. எங்கே போனாலும் முதல் கேள்வி ஒன்றுதான்.

"டாக்டரு இல்லீங்களா?"

"நான்தான் டாக்டர்."

"இல்லீங்க... நெஜ டாக்டரு?"

முதல் மாதம் கோபம் வந்தது. அப்புறம் நானே முந்திக்கொண்டு, "நெஜ டாக்டர் அடுத்த வாரம்தான் வருவாங்க, அதுவரைக்கும் என்னை வச்சி ஒப்பேத்திக்கோங்க" என்று சொல்லிச் சிரிக்க ஆரம்பித்தேன்.

திண்டிவனத்தில் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் ஒரு பெரிய டாக்டரம்மாவின் கிளினிக் இருந்தது. வாசல் பலகையில் அவர் பெயர் இருக்கும். அவர் மட்டும் இருக்க மாட்டார். பாதி வருஷம் அமெரிக்காவில் மகள் வீட்டில் இருப்பார். அவருடைய நாற்காலியில் நானும் என் சிநேகிதியும் நாள் பிரித்துக்கொண்டு உட்கார்ந்தோம். செவ்வாயும் புதனும் எனக்கு, மற்றவை அவளுக்கு. அவள் என்னோடு ஒரே வகுப்பில் படித்தவள், அவளும் விழுப்புரம். என்னைவிடக் கெட்டிக்காரி, சிரிப்பில் மட்டும் கஞ்சம். மாத்திரை போடாத நோயாளியை அவள் அதட்டுகிற அதட்டலில் வரிசையில் நிற்கிறவர்களும் சேர்த்து ஒரு மாத்திரை விழுங்குவார்கள். அங்கிருந்த சிஸ்டர் எங்கள் பெயர்களைக் கேட்டுக்கொள்வதையே விட்டுவிட்டார். "நான் பேரு மனப்பாடம் பண்றதுக்குள்ள ஆளு மாறிப்பூடறீங்க" என்பார். அவருக்கு அந்த நாற்காலியில் யார் உட்கார்ந்தாலும் 'டாக்டரம்மா'தான்.

இந்தச் சமயத்தில்தான் எனக்கு மாப்பிள்ளை பார்த்தார்கள். திண்டிவனத்தில் கரண்ட் ஆபீஸில் இன்ஜினியர். வீடு, மயிலம் போகிற வழியில் ஒரு ஊர். நிலம் நீச்சு உள்ள குடும்பம். பையனும் பெண்ணும் முதலில் ஒரு வார்த்தை பேசிக்கொள்ளட்டும் என்று பெரியவர்கள் ரொம்ப முற்போக்காக முடிவெடுத்ததால், டூட்டி முடிந்த ஒரு சாயங்காலம் பஸ் ஸ்டாண்டு பேக்கரியில் சந்தித்தோம்.

"எந்த ஆஸ்பத்திரில வேலைங்க?" என்று கேட்டார்.

"யாரு லீவு போடறாங்களோ அவங்க ஆஸ்பத்திரில."

"அவங்க திரும்பி வந்துட்டா?"

"அடுத்த லீவுக்குப் போய்டுவேன்."

"யாருமே லீவு போடலன்னா?"

"சாமி கும்பிட வேண்டியதுதான். யாருக்காச்சும் கல்யாணம் ஆவணும், கொழந்த பொறக்கணும், அமெரிக்காவுல பேரன் பொறக்கணும்னு."

அவர் குடித்துக்கொண்டிருந்த டீ புரையேறிவிட்டது. கண்ணெல்லாம் சிவந்து இருமுகிறார். நான் எழுந்து போய் முதுகில் நாலு தட்டுத் தட்டினேன். முதல் சந்திப்பில் மாப்பிள்ளையின் முதுகில் அறைந்த பெண் எங்கள் பக்கத்தில் நானாகத்தான் இருப்பேன். இருமி முடித்துவிட்டு, கண்ணில் தண்ணீரோடு அவர் சிரித்தார் பாருங்கள், அவ்வளவுதான். நான் விழுந்துவிட்டேன். விழுப்புரம் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து வீடு வரைக்கும் தனியாகச் சிரித்துக்கொண்டே வந்தேன். பக்கத்து சீட்டு அம்மா தன் பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார்.

அவருக்கும் பிடித்துவிட்டது. மிச்சம் இருந்தது அவருடைய அம்மா மட்டும். அந்த வீட்டில் அவர் சொல்வதுதான் சட்டம். நிலத்தில் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, விதைக்கிற நாள் முதல் வீட்டில் சாம்பாருக்குப் போடுகிற உப்பு வரை அவர் வாயிலிருந்து வரவேண்டும். மாமனார் பேசி யாரும் கேட்டதில்லை. போட்டோவைக் காட்டினால், "போட்டோவுல எல்லாப் பொண்ணும் ஒரே பொண்ணுதான்" என்று கையில்கூட வாங்கவில்லையாம். சரி, வீட்டுக்கு வந்து பாருங்கள் என்றால் அதற்கும் மாட்டேன். "பட்டுப்பொடவ கட்டி, பஜ்ஜி குடுத்து ஒக்கார வச்சா எந்தப் பொண்ணும் நல்லாத்தான் இருக்கும். மாடு வாங்கணும்னா ஏர்ல பூட்டிப் பாக்காமயா வாங்கறோம்? நான் நோயாளியாட்டம் போயி, அது வேல செய்யற எடத்துலயே பாத்துக்கறேன்" என்று சொல்லிவிட்டார்.

மாப்பிள்ளை எனக்குப் போன் செய்து ரகசியமாக உளறினார். "அம்மா புதன்கெழம வராங்க. நான் சொன்னதா காட்டிக்காத."

என்னை மாட்டோடு சேர்த்துப் பேசியதற்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. தலைகால் புரியவில்லை எனக்கு. புதன்கிழமைக்குக் கட்ட நல்ல காட்டன் புடவை ஒன்றுகூட இல்லையே என்று அலமாரியைக் கவிழ்த்துப் போட்டேன். செவ்வாய்க்கிழமை டூட்டிக்கு என் சிநேகிதியை உட்காரச் சொல்லிவிட்டு, பாண்டிச்சேரிக்குப் போய்க் கடை கடையாக ஏறி இறங்கி, மயில் கழுத்து நிறத்தில் ஒரு புடவை வாங்கிக்கொண்டு வந்தேன். செவ்வாய்க்கிழமை நல்ல காரியத்துக்கு யார் கிளம்பப் போகிறார்கள் என்ற தைரியம்.

புதன்கிழமை காலை அந்த நாற்காலியில் உட்கார்ந்தேன். மேஜையில் ஒரு பை நிறைய வறுத்த மல்லாட்டை இருந்தது. முந்தின நாள் யாரோ ஒரு நோயாளி கொடுத்தது என்றார் சிஸ்டர். அதைக் கொறித்துக்கொண்டே வருங்கால மாமியாருக்காகக் காத்திருந்தேன்.

அன்றைக்குத் திண்டிவனத்து அம்மாக்களுக்கு யோகம். கொஞ்சம் வயதான பெண் யார் உள்ளே வந்தாலும் எழுந்து நின்றேன். "வாங்கம்மா, ஒக்காருங்கம்மா, ஃபேன் காத்து வருதாம்மா?" ஒருத்தருக்கும் ஊசி போடவில்லை. வலிக்குமே என்று பயம். அவர்களுக்கு அல்ல, எனக்கு. மதியத்துக்கு மேல் ஒருவர் வந்தார். கறுத்து உயரமான பெண்மணி, இடுப்பு வலி என்றார். ஆனால் வந்ததிலிருந்து என்னை உச்சி முதல் பாதம் வரை அளந்துகொண்டிருந்தார். 'வந்துட்டாங்க!' என்று எனக்குள் சொல்லிக்கொண்டேன். சிஸ்டரை அனுப்பி டீயும் பிஸ்கட்டும் வரவழைத்தேன். இடுப்பை அமுக்கிப் பார்த்தேன், வீட்டில் எத்தனை பேர் என்று கேட்டேன், பையன் என்ன செய்கிறார் என்றும் அடக்கமாகக் கேட்டேன்.

"போட்டுல கடலுக்குப் போறான்மா. நாங்க மரக்காணம் பக்கம் குப்பம்" என்றார் அவர்.

அப்புறம் ஏன் என்னை அப்படிப் பார்த்தாராம்? புடவை நன்றாக இருக்கிறது, எங்கே வாங்கினது என்று கேட்கத்தான். அடுத்த வாரம் அவர் தன் குப்பத்துப் பெண்களில் பாதிப் பேரை அழைத்துக்கொண்டு வந்துவிட்டார், 'டீ குடுக்கற டாக்டரம்மா' இவங்கதான் என்று.

அந்தப் புதன்கிழமை சாயங்காலமே மாப்பிள்ளையிடமிருந்து போன். "அம்மாவுக்கு உன்னைப் புடிச்சிப்போச்சு! ஊரெல்லாம் சொல்லிக்கினு இருக்காங்க."

நான் கட்டிலில் ஏறிக் குதித்தேன். நிஜமாகவே குதித்தேன், அம்மா ஓடிவந்து பார்த்தாள். அன்று வந்தவர்களில் யார் அவர்? வாயு என்றவரா, மூட்டு வலி என்றவரா? "உனக்குக் கண்டிப்பு ஜாஸ்தியாமே? அம்மாவ நல்லா திட்டினியாம். அதுதான் அவங்களுக்கு ரொம்பப் புடிச்சிது" என்றார் அவர். நான் யாரைத் திட்டினேன்? அன்று நான் ஒரு கொசுவைக்கூட அடிக்கவில்லையே! ஆனால் காதல் கண்ணை மட்டுமில்லை, காதையும் மூளையையும் சேர்த்து மறைத்துவிடும். சரி, எதையோ சொல்கிறார் என்று விட்டுவிட்டேன்.

பூ வைத்துத் தட்டு மாற்ற எங்கள் வீட்டுக்கு வந்தார்கள். கூடம் நிறைய உறவு. அவர்கள் வீட்டில் ஒரு வழக்கம் உண்டாம். தட்டு மாற்றுவதற்கு முன்னால் பையனின் அம்மா சபையில் எழுந்து நின்று, 'பொண்ணு புடிச்சிருக்கு' என்று வாய் திறந்து சொல்ல வேண்டும். அதற்கு அப்புறம்தான் தட்டைத் தொடலாம். என் சிநேகிதி பச்சைப் பட்டுக் கட்டிக்கொண்டு எனக்குத் துணையாக வந்திருந்தாள். என்னை உள்ளிருந்து அழைத்து வந்து, தானும் பக்கத்தில் நின்றாள்.

அவருடைய அம்மா எழுந்தார். பந்து மாதிரி சுருட்டிய மல்லிகைச் சரத்தைக் கையில் எடுத்துக்கொண்டு வாயெல்லாம் சிரிப்பாக எங்களை நோக்கி நடந்துவந்தார். நான் தலையைக் குனிந்தேன். அவர் என்னைத் தாண்டிப் போய், என் சிநேகிதியின் தலையைப் பிடித்துத் திருப்பி, அவள் கொண்டையில் பூவைச் செருக ஆரம்பித்தார்.

"ஆன்ட்டி! ஆன்ட்டி! எனக்குக் கல்யாணம் ஆயிடுச்சி!" என்று அவள் அலறி, தாலியை வெளியே எடுத்துக் காட்டினாள்.

பூச்சரம் பாதி கொண்டையிலும் பாதி அவர் கையிலுமாகத் தொங்கிக்கொண்டிருந்தது. என் சிநேகிதி அவர் முகத்தை உற்றுப் பார்த்தாள். "நீங்க... தலை சுத்துதுன்னு வந்தவங்கதான? பி.பி. எகிறிப்போய் இருந்துச்சே. மாத்திரை போடறீங்களா இல்லையா?" என்று அந்த இடத்திலேயே அதட்டினாள்.

"போட்டுக்கினுதாம்மா இருக்கேன்" என்றார் அவர், பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி.

அப்புறம்தான் விஷயம் வெளியே வந்தது. பையன் வாயில் எதுவும் நிற்காது என்று அம்மாவுக்குத் தெரியாதா? அவனிடம் புதன் என்று சொல்லிவிட்டு, வேண்டுமென்றே செவ்வாய்க்கிழமை போயிருக்கிறார். சிஸ்டரிடம், "விழுப்புரத்துலேர்ந்து வர்ற டாக்டரம்மா இவங்கதான?" என்று ஒன்றுக்கு இரண்டு முறை கேட்டிருக்கிறார். ஆமாம் என்று சிஸ்டர் சொன்னதில் பொய்யே இல்லை. உள்ளே போய், தலை சுற்றுகிறது என்று சும்மா ஒரு பொய்யை அவிழ்த்துவிட்டிருக்கிறார். அவள் பி.பி. பார்த்தால், நிஜமாகவே எகிறிக் கிடந்தது. கருவாடு கூடாது, ஊறுகாய் கூடாது, மாத்திரையை நிறுத்தினால் நான் வீட்டுக்கே வருவேன் என்று அவள் வாங்கு வாங்கு என்று வாங்கியிருக்கிறாள்.

"நான் சொன்னது பொய்யி. அது நெஜத்தக் கண்டுபுடிச்சிது. அதான் புடிச்சிது" என்று நாற்காலியில் உட்கார்ந்து மூச்சு வாங்கினார் அவர். "பையில மல்லாட்ட கூடக் குடுத்துட்டு வந்தனே."

நான் தின்று தீர்த்த மல்லாட்டை!

எனக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. கல்யாணமே நின்றுபோகிற நேரத்தில் சிரிப்பு வருகிற ஜென்மம் நான். முந்தானையை வாயில் வைத்து அடைத்துக்கொண்டேன். அவர் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, கோபமில்லாமல், உள்ளதை உள்ளபடி சொன்னார். "இந்தப் பொண்ண நான் பாக்கலியே. பாக்காத பொண்ண எப்பிடிப் புடிச்சிருக்குதுன்னு சொல்றது?"

"நான் பாத்துட்டேன்மா" என்றார் என்னவர், எல்லோருக்கும் கேட்கும்படி.

"அப்பன்னா நீ கட்டிக்க. உனக்கு வேணாம்னு நான் சொல்லல. ஆனா பாக்காதத பாத்தன்னு நான் சொல்ல மாட்டேன்."

அவருடைய அம்மா பூவைத் திரும்ப வாங்கி என் தலையில் வைத்துவிட்டார். வார்த்தையை மட்டும் வைக்கவில்லை. தட்டு நடுவில் காத்துக் கிடந்தது. கடைசியில், யாரும் பேசிக் கேட்டிராத மாமனார் எழுந்து தொண்டையைச் செருமி, "அவளுக்குப் பதிலா நான் சொல்றேன். புடிச்சிருக்கு" என்றார். ஊருக்கெல்லாம் லீவுக்கு ஆள் போகிற எனக்கு, என் கல்யாணத்திலேயே ஒரு டெம்பரவரி! இனிமேல் இவள் பர்மனெண்ட் என்று என் மாமா ஒருவர் ஜோக் அடித்தார். ஒருத்தரும் சிரிக்கவில்லை.

கல்யாணம் ஜோராக நடந்தது. அத்தை என்னை ஒரு நாளும் கடிந்து பேசியதில்லை. கேப்பைக் கூழ் கரைத்தால் முதல் சொம்பு எனக்குத்தான். ஓர் ஆண், ஒரு பெண் என்று இரண்டு பிள்ளைகள் பிறந்தார்கள். நான் டூட்டிக்கு ஓடும்போதெல்லாம் இரண்டையும் இடுப்பில் ஏற்றிக்கொண்டு வயலுக்குப் போனார். ஆனால் தன் நாடியை மட்டும் என் கையில் கொடுக்க மாட்டார். "அத்தை, பி.பி. பாக்கறேன், ஒக்காருங்க" என்று கருவியை எடுத்தால், "எனக்கு என் டாக்டரம்மா இருக்குது" என்று எழுந்து போய்விடுவார்.

அவருடைய டாக்டரம்மா என் சிநேகிதிதான். அவள் ஓர் இடத்தில் நிற்கிறவளா? விக்கிரவாண்டியில் ஆக்சிடெண்ட் ஆஸ்பத்திரி, அப்புறம் வானூர், கொஞ்ச நாள் கோலியனூர் என்று மாறிக்கொண்டே இருந்தாள். அத்தை மல்லாட்டைப் பையோடு பஸ் மாறி பஸ் ஏறி, அவள் போகிற இடமெல்லாம் போனார். செவ்வாய்க்கிழமைதான் போவார், ஏனென்றால் முதலில் போன கிழமை அது. "உன் மாமியார் என்னைத் தேடிக்கினு டோல்கேட் வரைக்கும் வந்துட்டாங்கடி, நான் எங்க போயி ஒளியறது?" என்று அவள் போனில் புலம்புவாள். நான் விழுந்து விழுந்து சிரிப்பேன்.

சிரிப்பேனே தவிர, உள்ளே எனக்கு வலித்தது. அதையும் சொல்லிவிடுகிறேன். எனக்கு அந்த ஒரு வார்த்தை வேண்டியிருந்தது. பிரியாணி நன்றாக இருந்தால் 'நல்லாக்கீது' என்பார். புடவை எடுத்துக் கொடுத்தால் 'எனக்கு எதுக்கு' என்று சொல்லிவிட்டு உடனே கட்டிக்கொள்வார். ஆனால் பெண்ணைப் பிடித்திருக்கிறதா என்று அவரிடம் யார் கேட்பது? கேட்டு வாங்கினால் அது வார்த்தையா? தலை நரைக்க ஆரம்பித்த பிறகும், இந்த வீட்டில் நான் லீவுக்கு வந்த ஆளோ என்று சில நாள் தோன்றும். எல்லா ஊரிலும் சிரித்துக்கொண்டே தாங்கிய 'நெஜ டாக்டரு இல்லீங்களா'வை வீட்டில் மட்டும் என்னால் தாங்க முடியவில்லை.

இதற்குள் எங்கள் தொழிலே எங்கேயோ போய்விட்டது. முன்பெல்லாம் ஒரு லீவு கிடைக்க, தெரிந்தவர்களிடமெல்லாம் சொல்லி வைக்க வேண்டும். இப்போது போனில் ஒரு குரூப். 'நாளை காலை, திண்டிவனம், பொது மருத்துவர் தேவை' என்று விழும். டிபன் கட்டி முடிப்பதற்குள் யாராவது எடுத்துக்கொண்டிருப்பார்கள். தாடிகூட சரியாக முளைக்காத புதுப் பையன்கள் பைக்கில் ஊர் ஊராகப் பறந்தார்கள். 'நெஜ டாக்டரு எங்க' என்று கேட்பதைச் சனங்களும் விட்டுவிட்டார்கள். இன்றைக்கு யார் இருக்கிறார்களோ அவர்தான் நிஜம் என்று ஆகிவிட்டது. என் அத்தை ஒருத்தர்தான் விதிவிலக்கு.

ஒரு செவ்வாய்க்கிழமை காலை, நான் கோலியனூர் போகத் திண்டிவனம் பஸ் ஸ்டாண்டில் நிற்கிறேன், சிநேகிதி போன் செய்தாள். அவள் மறுபடியும் அந்தப் பழைய திண்டிவனம் கிளினிக்கிலேயே உட்கார்ந்துகொண்டிருந்த காலம் அது. "என் பொண்ணுக்குக் காய்ச்சல்டி. பேஜாரா இருக்குது. இன்னிக்கு ஒரு நாளு எனக்காக ஒக்காரு." கோலியனூருக்குக் குரூப்பில் வேறு ஆளைப் பிடித்துவிட்டுத் திண்டிவனம் கிளினிக்குக்கு நடந்தேன். பெரிய டாக்டரம்மாவின் பெயர்ப்பலகை வெயிலில் வெளுத்துப்போய் அப்படியே தொங்கியது. அதே நாற்காலி. சிஸ்டர் மட்டும் வேறு.

டோக்கன் கூப்பிட்டார்கள். கதவைத் தள்ளிக்கொண்டு அத்தை உள்ளே வந்தார்.

என்னைப் பார்த்ததும் வாசலிலேயே நின்றார். கையில் மல்லாட்டைப் பை. காலையில் அவர் கையால்தான் இட்லி சாப்பிட்டுவிட்டு வந்திருந்தேன். 'என்னாத்தை இங்க?' என்று நான் வாயைத் திறந்திருந்தால் அவர் அப்படியே திரும்பி வீட்டுக்குப் போயிருப்பார். எனக்கு என்ன தோன்றியதோ, எந்த நோயாளியிடமும் சொல்கிற மாதிரி, "வாங்கம்மா, ஒக்காருங்க" என்றேன்.

அவர் என்னைப் பார்த்தார். நாற்காலியைப் பார்த்தார். மெதுவாக வந்து ஸ்டூலில் உட்கார்ந்தார்.

"டாக்டரம்மா இல்லீங்களா?" என்றார்.

"இன்னிக்கு லீவும்மா. நான் டெம்பரவரி."

"ஓகோ."

அவர் முகத்தில் ஒரு சுருக்கம்கூட அசையவில்லை. எனக்குச் சிரிப்பு தொண்டை வரைக்கும் வந்து முட்டியது. ஸ்டெதஸ்கோப்பைக் காதில் மாட்டிக்கொண்டு அதை அடக்கினேன். "என்னம்மா பண்ணுது?"

"தல சுத்துதும்மா" என்றார். கொஞ்சம் நிறுத்தி, "இந்தவாட்டி நெஜமாவே" என்றார்.

சிரிப்பு நின்றுவிட்டது. எப்போது, எப்படி, எத்தனை நாளாக என்று கேட்டேன். உட்கார்ந்து எழுந்தால் கண் இருட்டுகிறதாம். களத்தில் ஒருமுறை விழவே பார்த்தாராம். பயந்துபோய் மாத்திரையை அவராகவே ஒரு நாள் விட்டு ஒரு நாள் போட ஆரம்பித்திருக்கிறார். ஒரே வீட்டில், ஒரே கூரைக்குக் கீழே இருக்கிறேன், எனக்கு இது எதுவுமே தெரியாது.

"வீட்டுல சொல்லலியாம்மா?" என்றேன்.

"வீட்டுலயும் ஒரு டாக்டரு இருக்குது. என் மருமவதான்" என்றார், என் கண்ணைப் பார்த்தே. "நல்ல புள்ள. ஊரு ஊரா ஓடிக்கினே கெடக்குது. ஒரு நாளு ஒக்காந்து சோறு துன்னு நான் பாக்கல. இதையும் அது தலையில ஏத்தணுமான்னுதான் சொல்லல. ராவெல்லாம் தூங்காது அது."

பேசினால் அழுதுவிடுவேன். படுக்க வைத்து பி.பி. பார்த்தேன். கையைப் பிடித்து எழுப்பி நிற்க வைத்து மறுபடியும் பார்த்தேன். நின்றால் நன்றாக இறங்கியது. கையில் கொண்டுவந்திருந்த மாத்திரை அட்டைகளை வாங்கிப் பார்த்தேன். இப்போதைய உடம்புக்கு அளவு அதிகம். ஒன்றை நிறுத்தி, இன்னொன்றைக் குறைத்து எழுதினேன். அப்புறம் எங்கிருந்துதான் வந்ததோ தெரியவில்லை, அதட்டல் வந்தது.

"மாத்திரைய நீங்களா விட்டு விட்டுப் போடறதுக்கா நாங்க இத்தன வருஷம் படிச்சிக்கினு வந்தோம்? விழுந்து இடுப்பு ஒடஞ்சா யாரு பாக்கறது? இனிமே எழுந்திரிக்கும்போது கட்டில்ல ஒக்காந்து, கொஞ்சம் பொறுத்து, அப்புறந்தான் நிக்கணும். புரியுதா? ஒரு வாரம் கழிச்சி மறுபடி வந்து காட்டணும். வரலன்னா வீட்டுக்கே வந்துடுவேன்!"

"வரேம்மா, வரேம்மா" என்றார், பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி. மல்லாட்டைப் பையை மேஜையில் வைத்தார். சொன்னபடியே மெதுவாக எழுந்து, கொஞ்சம் நின்று, அப்புறம் நடந்தார். கதவருகே போய்த் திரும்பினார். "இன்னும் நெறைய பேரு ஒக்காந்துக்கினு இருக்காங்க. நேரத்துக்குச் சாப்புடு டாக்டரம்மா."

சாயங்காலம் வீட்டுக்குப் போனேன். காலையில் போட்ட வேஷத்தை அவரும் கலைக்கவில்லை, நானும் கலைக்கவில்லை. ஒன்றுமே நடக்காத மாதிரி அவர் கூடத்தில் உட்கார்ந்து மல்லாட்டை உரித்தார். பிள்ளைகள் வீட்டுப்பாடம் என்ற பெயரில் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். நான் அடுப்படியில் எல்லோருக்கும் டீ போட்டுக்கொண்டிருந்தேன். என்னவர் ஆபீஸிலிருந்து வந்து செருப்பைக் கழற்றினார்.

"டேய், இங்க வா" என்று அத்தை கூப்பிடுவது கேட்டது. "இன்னிக்கு அந்த ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தேன். அந்தப் பொண்ணப் பாத்துட்டேன்."

"எந்தப் பொண்ணும்மா?"

"அதான்டா, விழுப்புரத்துப் பொண்ணு. டெம்பரவரி டாக்டரு."

அவர் குழம்பிப்போய் அடுப்படி பக்கம் திரும்பி என்னைப் பார்த்தார். நான் டீ வடிகட்டியைப் பிடித்தபடி நின்றேன். அத்தை மடியிலிருந்த தோலைத் தட்டிவிட்டு, கட்டிலைப் பிடித்து, கொஞ்சம் பொறுத்து, அப்புறம் எழுந்து நின்றார். சபையில் நின்று சொல்கிற குரலில் சொன்னார்.

"பொண்ணு புடிச்சிருக்குடா. தட்ட மாத்திக்கலாம்."